ராஜா செட்டும் முப்பத்து மூன்று அங்குலமும்

டேப்பம்மாவுக்கு அந்த சோபா செட்டைக் கண்டாலே பற்றிக்கொண்டு வரும். இன்று நேற்றல்ல, ஆறு வருஷமாக. வீட்டில் யாரும் இல்லாத நேரத்தில் அதன் எதிரில் இடுப்பில் கை வைத்து நின்று, "உன்னால எனக்கு எள்ளளவு பிரயோஜனம் உண்டா?" என்று வாய்விட்டே கேட்டிருக்கிறாள். அது பாட்டுக்குத் தங்கக் கலர் காலை வளைத்துக்கொண்டு நிற்கும்.

அவளுக்கு நல்ல பெயர் ஒன்று உண்டு. அடையாள அட்டையில் பத்திரமாக இருக்கிறது, யாரும் எடுத்துக் கூப்பிடுவதில்லை. கழுத்தில் எந்நேரமும் தொங்குகிற அளவு டேப்பினால் டேப்பம்மா ஆகிவிட்டாள். குளிக்கும்போதாவது கழற்றுவாளா என்பதில் எதிர்வீட்டுக்காரிக்குச் சந்தேகம் இருக்கிறது. பள்ளிக்கூட யூனிபார்ம் தைப்பதுதான் தொழில். வருஷத்துக்கு எழுநூறு சட்டை, அதே அளவுக்குக் கால்சட்டை, பாவாடை. இருபத்தெட்டு வருஷத்தில் "அக்குள்ல பிடிக்குது", "இடுப்பு நிக்கல" என்று ஒரு துணி திரும்பி வந்ததில்லை. பிள்ளை வாசற்படி ஏறும்போதே தோள் அளவைக் கண்ணால் எடுத்துவிடுவாள். டேப்பு வைப்பதெல்லாம் பெற்றவர்களின் திருப்திக்கு.

அப்பேர்ப்பட்டவள்தான் அந்தத் தப்பைச் செய்தாள். அதைச் சொல்லத்தான் வந்தேன். ஆனால் சாமான்களைப் பற்றிச் சொல்லாமல் சொன்னால் உங்களுக்கும் நம்பிக்கை வராது.

ஒரு நீள சோபா, இரண்டு ஒற்றை நாற்காலி, நடுவில் ஒரு டீப்பாய், சுவரோரம் இழுப்பறை வைத்த மேஜை, அதற்கு மேலே ஒரு நிலைக்கண்ணாடி. எல்லாம் ஒரே குடும்பம். எதிலும் பேருக்குக்கூட ஒரு நேர்கோடு கிடையாது. கால் வளைந்து வெளியே போய், உள்ளே வந்து, தரையைத் தொடும்போது மறுபடி வெளியே சுருண்டு நிற்கும். முதுகுப் பலகையில் சிப்பி, இலை, கொடி, பூ, பூவுக்குள் இன்னொரு பூ. அதிலும் இடது பக்கம் இருப்பது வலது பக்கம் இருக்காது. சிப்பி ஒருபக்கமாகச் சாய்ந்திருக்கும். வந்து இறங்கிய அன்றைக்கே அதைப் பார்த்து, "என்னங்க, கோணலா செதுக்கி வெச்சிருக்கான்" என்றாள். கணவருக்கு ரோஷம் வந்துவிட்டது.

"அது கோணல் இல்ல. ரொகோகோ. முந்நூறு வருஷத்துக்கு முன்னாடி அரண்மனையில போட்டிருந்த ஸ்டைலு. கோணலா இருந்தாதான் அது ரொகோகோ."

"நான் ஒரு சட்டையைக் கோணலா வெட்டிட்டு அரண்மனை ஸ்டைலுன்னு சொன்னா ஒத்துக்குவாங்களா?" என்று அவள் கேட்டதும் அவர் துணியை எடுத்துச் சிப்பியைத் துடைக்க ஆரம்பித்தார். எதிர்வீட்டுக்காரி பார்த்துவிட்டு ராஜா செட் என்று பெயர் வைத்தாள். அது மாடி முழுக்கப் பரவிவிட்டது.

அந்த இழுப்பறை மேஜை இருக்கிறதே, அது தனி விசேஷம். மேலே பளிங்குப் பலகை, கீழே மூன்று இழுப்பறை. முன்பக்கம் தட்டையாக இருந்தால்தானே? பலகையிலிருந்து இறங்கும்போதே வயிற்றைத் தள்ளிக்கொண்டு வரும், முழங்கால் உயரம் வந்ததும் வயிற்றை உள்ளே இழுத்துக்கொள்ளும். கடையில் அதற்கு 'கம்மோட்' என்று பெயராம். கணவர் பெருமையாக அப்படிச் சொன்னபோது, "அதை எதுக்கு ஹால்ல வெக்கிறீங்க?" என்று கேட்டு நன்றாக வாங்கிக் கட்டிக்கொண்டாள். பிறகு அவளாக வைத்த பெயர் தொந்தி மேஜை.

ஹால் பதினாலுக்குப் பத்தடி. மூன்றாவது மாடி, லிப்ட் கிடையாது. இந்த அரண்மனை அந்தப் பத்தடிக்குள் குடியேறியதும் டேப்பம்மாவின் தையல் மிஷின் சமையலறை வாசலுக்குத் துரத்தப்பட்டது, பிரிட்ஜுக்குப் பக்கத்தில். நீளத் தையல் அடிக்கும்போது முழங்கை பிரிட்ஜில் இடிக்கும். ஆறு வருஷமாக இடிக்கிறது. ஞாயிற்றுக்கிழமைதோறும் பல் தேய்க்கிற பிரஷ்ஷை வைத்துக்கொண்டு சிப்பி இடுக்கிலும் இலை இடுக்கிலும் அழுக்கு எடுப்பது அவள் வேலை. இவ்வளவும் செய்த பிறகாவது உட்காரலாமா என்றால் மேலே பிளாஸ்டிக் உறை. பூப்போட்ட பட்டுத்துணி கெட்டுவிடுமாம். உட்கார்ந்தால் சர்ரென்று வழுக்கிக்கொண்டு போய் டீப்பாயில் முட்டி இடிக்கும். யானையைக் கட்டித் தீனி போடுவது என்பார்களே, யானையாவது ஏறி உட்கார்ந்தால் தாங்கும்.

கணவர் கெட்டவர் இல்லை. அதைச் சொல்லிவிட வேண்டும். மரச்சாமான் கடை வண்டியை இருபத்திரண்டு வருஷம் ஓட்டியவர். எந்த சோபாவும் எந்த வாசலிலும் அவருக்குச் சிக்கினதில்லை. நிமிர்த்தி, மூக்கை உள்ளே விட்டு, இடுப்பைத் திருப்பி, காலை மடக்கி, ஆளைக் கூட்டிப் போவது போலக் கூட்டிப் போய்விடுவார். எத்தனையோ பெரிய வீடுகளுக்குள் இந்த மாதிரி செட்டைச் சுமந்துகொண்டு போயிருக்கிறார். வைத்து முடித்ததும் "சரிப்பா, கதவைச் சாத்திட்டுப் போ" என்பார்கள். சுமந்தவனை ஒரு வீட்டிலும் ஒருத்தரும் கொஞ்சம் உட்காரச் சொன்னதில்லை. கடைக்காரர் பழைய மாடலையெல்லாம் கழித்துவிட்டுத் தட்டையான புது மாடலுக்கு மாறியபோது, கண்ணாடிக்குப் பின்னால் காட்சிக்கு வைத்திருந்த இந்த செட்டை, "உனக்கு வேணும்னா எடுத்துட்டுப் போ" என்றார். அவருக்குப் பழம் நழுவிப் பாலில் விழுந்த மாதிரி. டேப்பம்மாவுக்குத் தலையில் விழுந்த மாதிரி. அவர் ஏன் அதைக் கொண்டுவந்தார் என்பது அவளுக்குப் புரிந்தது. புரிந்ததால்தான் ஆறு வருஷம் பல்லைக் கடித்துக்கொண்டிருந்தாள்.

பிறகுதான் அக்கா விழுந்தாள்.

டேப்பம்மாவுக்கு ஒன்பது வயதாகும்போது அம்மா போய்விட்டாள். அக்காவுக்கு அப்போது பத்தொன்பது. அச்சகத்தில் புத்தகம் கட்டுகிற வேலைக்குப் போய்த் தங்கையைப் படிக்கவைத்து, தையல் கற்றுக்கொள்ள அனுப்பி, கல்யாணமும் பண்ணிக்கொடுத்தாள். தான் மட்டும் பண்ணிக்கொள்ளவில்லை. யாராவது துருவினால், "வரிசையில நின்னேன், என் முறை வர்றதுக்குள்ள கவுண்டரை மூடிட்டாங்க" என்பாள். இப்போது அறுபத்தைந்து. ஒருநாள் குளியலறையில் விழுந்து கிடந்தாள். பக்கவாதம். வலது கை, வலது கால் வரவில்லை. பேச்சு வந்தது, ஆனால் ஒவ்வொரு வார்த்தையாகத் திக்கித் திக்கி.

ஏழு வாரம் ஆஸ்பத்திரியில் வைத்திருந்துவிட்டு, இனி வீல்சேரோடு வீட்டுக்கு அனுப்பலாம் என்றார்கள். எந்த வீட்டுக்கு என்பதுதான் கேள்வி. "இதுல என்ன கேள்வி? என் வீட்டுக்கு" என்றாள் டேப்பம்மா. மூன்று மாடி தூக்கி ஏற்ற ஆஸ்பத்திரி வண்டியிலேயே ஆள் வரும், மகள் வெளியூருக்கு வேலைக்குப் போன பிறகு கடைசி அறை காலியாகத்தான் இருந்தது. ஆனால் அந்த அறைக்கு ஹால் வழியாகத்தான் போக வேண்டும். வார்டு அதிகாரியம்மா ஒரு படிவம் கொடுத்தார். வாசல் எத்தனை அங்குலம், நடைபாதை எத்தனை அங்குலம், குளியலறைக் கதவு எத்தனை அங்குலம். நடைபாதை குறைந்தபட்சம் முப்பத்திரண்டு இருக்க வேண்டும். இல்லாவிட்டால் வீட்டுக்கு விடமாட்டார்கள், ஊர்க்கோடியில் இருக்கிற பராமரிப்பு இல்லத்துக்கு அனுப்பிவிடுவார்கள். இரண்டு பஸ் மாறிப் போக வேண்டிய இடம்.

"அங்குலம்தானே?" என்று சிரித்தாள் டேப்பம்மா. மீனுக்கு நீச்சல் பரீட்சை வைத்த மாதிரி இருந்தது அவளுக்கு.

சனிக்கிழமை டீப்பாயைச் சமையலறைக்குள் தள்ளிவிட்டு அளந்தாள். கழுத்திலிருந்து டேப்பை உருவினாள், நின்றபடியே சோபாக் கைப்பிடியில் ஒரு முனையை வைத்தாள், எதிரே தொந்தி மேஜையின் பளிங்குப் பலகை விளிம்பில் மறுமுனையை வைத்தாள். முப்பத்து மூன்று. ஒரு அங்குலம் கூடவே இருந்தது. நீல மையில் முப்பத்து மூன்று என்று எழுதிக் கையெழுத்துப் போட்டுக் கொடுத்துவிட்டு, கடைசி அறைக்குப் புது விரிப்பு தைக்க உட்கார்ந்தாள்.

திங்கட்கிழமை பிசியோதெரபிப் பெண் வந்தாள். சின்னப் பெண், சிரித்த முகம், ஒரு மடக்கு வீல்சேரைத் தானே மூன்று மாடி தூக்கிக்கொண்டு வந்திருந்தாள். விரித்தாள், தள்ளினாள். இரண்டு அடி போனது. டொக்கென்று நின்றது. ஒரு பக்கம் சக்கரம் சோபாவின் சுருண்ட காலில் ஏறியிருந்தது. மறுபக்கம் தள்ளுகிற வளையம் தொந்தி மேஜையின் வயிற்றில் உரசியது. பின்னால் இழுத்தாள், மறுபடி தள்ளினாள். மறுபடி டொக். அந்தப் பெண் தரையில் மண்டி போட்டு, இரும்பு டேப்பை இழுத்து, குனிந்த தலையை நிமிர்த்தாமலே சொன்னாள்.

"இருபத்தாறு இருக்கும்மா."

"இருக்காது. நான் அளந்தேன்."

"எங்க வெச்சு அளந்தீங்க?"

டேப்பம்மா கையை இடுப்பு உயரத்தில் நீட்டிக் காட்டினாள். காட்டும்போதே அவளுக்குப் புரிந்துவிட்டது. கை அந்தரத்தில் அப்படியே நின்றது. மேஜைக்கு மேலே பலகைதான். வயிறு அதற்குக் கீழே. சோபாவுக்குக் கைப்பிடி உள்ளே, கால் வெளியே. மேலே முப்பத்து மூன்று, கீழே இருபத்தாறு. நேர்கோடே இல்லாத சாமானை ஒரே இடத்தில் அளந்திருக்கிறாள். தொந்தி உள்ள ஆளுக்கு மார்பை மட்டும் அளந்து சட்டை தைப்பாளா அவள்? மார்பு, வயிறு, இடுப்பு என்று மூன்று இடத்தில் டேப்பு வைக்காமல் கத்தரிக்கோலைத் தொட்டதுண்டா? மனுஷ உடம்பென்றால் வளையும் என்று அவளுக்குத் தெரியும். மேஜையும் வளையும் என்று எதிரிலேயே ஆறு வருஷம் பார்த்துக்கொண்டிருந்தும் கைக்குத் தோன்றவில்லை. மரச்சாமான் என்றால் கை தானாக ஒரு தடவைதான் அளக்கிறது. ஆனைக்கும் அடி சறுக்கும் என்பார்கள். சறுக்கின ஆனைக்கு எப்படி இருக்கும் என்று யாரும் சொல்வதில்லை.

பிசியோதெரபிப் பெண் படிவத்தில் நீல முப்பத்து மூன்றுக்குப் பக்கத்தில் சிவப்பு மையில் இருபத்தாறு என்று எழுதினாள். "வியாழக்கிழமை காலைல இன்னொரு தடவை வரேன். அதுக்குள்ள எடம் பண்ணிடுங்க. வெள்ளிக்கிழமை ஆஸ்பத்திரிக் கட்டிலைக் காலி பண்ணணும்னு சொல்லிட்டாங்க" என்றாள்.

அன்று சாயந்திரம் கணவர் வந்ததும் விஷயத்தைச் சொன்னாள். அவர் செருப்பைக் கழற்றி வைத்துவிட்டு, ஹாலை ஒரு சுற்றுப் பார்த்தார்.

"மிஷினை எடுத்துட்டா எடம் வந்துடும்."

டேப்பம்மாவுக்குக் காதில் விழுந்தது சரிதானா என்று சந்தேகமாக இருந்தது. "மிஷின் சமையக்கட்டு வாசல்ல இருக்குங்க. வழி இந்தப் பக்கம். மிஷினை எடுத்தா பிரிட்ஜுதான் காத்து வாங்கும்."

"அப்ப சோபாவைக் கொஞ்சம் நகத்தலாம்."

"எங்க நகத்துவீங்க? பின்னாடி சுவரு. இடிச்சுட்டுப் பக்கத்து வீட்டுக்குள்ள வெக்கலாமா?"

"மேஜையும் கண்ணாடியும் ஜோடி. பிரிக்கக் கூடாது."

"நானும் எங்கக்காவும் ஜோடி இல்லையா?"

அவர் டிவியைப் போட்டார். ஆறு வருஷமாகக் கடித்துக்கொண்டிருந்த பல்லை டேப்பம்மா அன்றைக்குத் திறந்தாள். என்னென்ன சொன்னாள் என்பதை நான் முழுக்கச் சொல்லப்போவதில்லை. "இதுல ஒரு நாளாவது நிம்மதியா சாய்ஞ்சு உக்காந்திருக்கீங்களா? நீங்களும் உக்காரல, என்னையும் உக்கார விடல, இப்ப எங்கக்காவையும் உள்ள விடல" என்றது மட்டும் எதிர்வீடு வரை கேட்டது. அவர் டிவியின் சத்தத்தைக் கூட்டினார்.

செவ்வாய்க்கிழமை முழுக்க போன். பழைய சாமான் வாங்குகிறவர் போட்டோவைப் பார்த்துவிட்டு, "சும்மா குடுத்தாலும் வேணாம்மா. இப்பல்லாம் யாரு இதைப் போடறா? மூணு மாடி எறக்கற ஆளுக்கு யாரு பதில் சொல்றது?" என்றார். இரண்டாவது ஆள் போட்டோவுக்கே பதில் போடவில்லை. தச்சர் நேரில் வந்தார். சோபாக் காலின் சுருளை மட்டும் அறுத்துவிட முடியுமா என்று கேட்டாள். தடவிப் பார்த்தார், தட்டிப் பார்த்தார். "அந்தச் சுருள்லதாம்மா மொத்த பாரமும் நிக்குது. அறுத்தா ஆடும். உக்காந்தா கவுந்துடும்." மேஜை வயிற்றையாவது இழைத்துவிட முடியுமா? "அது இழுப்பறையோட மூஞ்சி. இழைச்சா உள்ள இருக்கற சாமான் வெளிய தெரியும்." தலையை ஆட்டிக்கொண்டே போய்விட்டார். நடுவில் ஐம்பது சட்டைக்குக் காலர் வைக்கிற வேலை வேறு. ஆஸ்பத்திரிப் பார்வை நேரம் போய்விட்டது. அக்காவைக் கொண்டுவரத்தான் இந்த ஓட்டம், அந்த ஓட்டத்தில் அக்காவைப் பார்க்க முடியவில்லை. நாளைக்குப் போய்க்கொள்ளலாம் என்று விட்டுவிட்டாள்.

புதன்கிழமை காலை கணவர் வேலைக்குப் போனதும் டேப்பம்மா எதிர்வீட்டுக் கதவைத் தட்டினாள்.

"கை குடுக்கறியா? மேஜையை எறக்கணும்."

"அண்ணனுக்குத் தெரியுமா?"

"எறக்கினப்புறம் தெரியும்."

எதிர்வீட்டுக்காரிக்கு வேறென்ன வேண்டும்? கீழ்வீட்டு ஓய்வுபெற்ற தபால்காரரையும் இழுத்துக்கொண்டு வந்தாள். இழுப்பறைகளை உருவி எடுத்தார்கள். பளிங்குப் பலகையைத் தூக்கிக் கட்டில்மேல் படுக்கவைத்தார்கள். கூட்டை மட்டும் மூன்று பேராகப் பிடித்துப் படியில் இறக்கினார்கள். ஒரு மாடி நன்றாகவே போனது. இரண்டாவது மாடித் திருப்பத்தில் தொந்தி சுவரில் அழுந்தி, முதுகு கைப்பிடிக் கம்பியில் மாட்டி, தபாலும் போகாது தந்தியும் போகாது என்று நின்றுவிட்டது. மேலே இழுத்தால் கால் மாட்டுகிறது, கீழே தள்ளினால் வயிறு மாட்டுகிறது.

கொஞ்ச நேரத்தில் மேலே நாலு பேர், கீழே ஐந்து பேர். கணக்கு டியூஷன் வாத்தியார் கீழிருந்து கோணம் சொன்னார். அந்தக் கோணத்தில் திருப்பியதில் ஒரு சிப்பி உடைந்ததுதான் மிச்சம். காய்கறிப் பையோடு நின்ற முதல் மாடிப் பெண், "ராஜா வீட்டுச் சாமான்னா ஊர்வலம் நிக்கத்தான் செய்யும்" என்றாள். டேப்பம்மாவுக்கு அழுகை அழுகையாக வந்தது. அழுதால் பிடி நழுவும் என்று அழவில்லை. அவள் போன் மேலே வீட்டுக்குள் கிடந்தது. எதிர்வீட்டுக்காரி தன் போனிலிருந்து அண்ணனைக் கூப்பிட்டாள்.

முக்கால் மணி நேரத்தில் வந்தார். கீழ்ப்படிகளில் கூட்டம் வழிவிட்டது. மேஜைக்கு அந்தப் பக்கம் அவர், இந்தப் பக்கம் அவள். உடைந்த சிப்பியைத்தான் முதலில் பார்த்தார்.

"யாரைக் கேட்டு எறக்கின?"

"கேட்டா விட்டிருப்பீங்களா?"

அவர் மரத்தின்மேல் கையை வைத்தார்.

"அண்ணே, மேலயா கீழயா, ஏதோ ஒண்ணு சீக்கிரம் முடிவு பண்ணுங்க. எனக்கு வேலைக்கு நேரமாச்சு" என்றது மேலிருந்து ஒரு குரல்.

டேப்பம்மா மேஜைக்கு மேலே தலையை நீட்டி, மற்றவர்களுக்குக் கேட்காத மாதிரி சொன்னாள். "எனக்கு அம்மா மொகம்கூட இப்ப சரியா ஞாபகம் இல்லைங்க. அம்மான்னா அக்கா மொகம்தான் வருது. அவளை ஹோம்ல விட்டுட்டு நான் இங்க ஒரு வாய் சாப்பிட மாட்டேன்."

அவர் சட்டைக் கையை மடித்துவிட்டார். "இப்படி வராது. மல்லாக்கத் திருப்பணும். தொந்தி மேல பாக்கணும். நான் சொல்றப்ப விடு." இரண்டு நிமிஷம்தான் ஆனது. கீழே இறக்கிவிட்டார். படிக்கட்டுக்கு அடியில் சைக்கிள்களுக்குப் பக்கத்தில் அதை வைத்துவிட்டு மேலே வந்து, அவள் கேட்காமலே இரண்டு ஒற்றை நாற்காலிகளையும் தானே சுமந்து இறக்கினார். சோபாவை மேஜை இருந்த சுவரோரம் தள்ளினார். பிறகு இரண்டு பேருமாக அளந்தார்கள், ஆளுக்கொரு முனை. தரையில் ஒன்று, முழங்காலில் ஒன்று, இடுப்பில் ஒன்று. மூன்றில் எது குறைவோ அது நாற்பத்தொன்று. அன்று முழுக்க அவர் அவளிடம் பேசவில்லை. ஆனால் குளியலறையில் பிடித்துக்கொள்ள ஒரு கம்பியை அவராகவே அடித்து வைத்தார்.

வியாழக்கிழமை காலை பிசியோதெரபிப் பெண் வந்து வீல்சேரைத் தள்ளினாள். ஹால் வழியாக, கடைசி அறை வரைக்கும், எங்கேயும் இடிக்காமல் உருண்டு போனது. திருப்பிக் கொண்டுவந்தாள். "சூப்பர்மா. இவ்ளோ எடம் நிறைய வீட்ல கிடைக்காது" என்று சொல்லி அங்கேயே வார்டுக்குப் போன் பண்ணினாள். பேசிக்கொண்டிருக்கும்போதே அவள் முகம் மாறியது. இரண்டு தடவை "எப்போ?" என்றாள்.

அக்காவை அன்று காலை எட்டு மணிக்கே பராமரிப்பு இல்லத்து வண்டி வந்து கூட்டிப் போய்விட்டது. செவ்வாய்க்கிழமையே அக்கா இடது கையால் சம்மதக் கையெழுத்துப் போட்டிருக்கிறாள். சொந்தப் புத்தியோடு இருக்கிற ஆள் போட்ட கையெழுத்து, யாரையும் கேட்கத் தேவையில்லை. புதன்கிழமை தங்கைக்கு இரண்டு தடவை போன் பண்ணினார்களாம், எடுக்கவில்லையாம். எப்படி எடுப்பாள்? படியில் மேஜையைத் தாங்கிக்கொண்டல்லவா நின்றாள். சாயந்திரம் அளவு சரியான சந்தோஷத்தில் போனையும் பார்க்கவில்லை, ஆஸ்பத்திரிக்கும் போகவில்லை. பிசியோதெரபிப் பெண்ணுக்கே இது தெரியாது. ஒரு ஆபீசில் நடப்பது அடுத்த ஆபீசுக்குத் தெரியாத ஆஸ்பத்திரி.

இரண்டு பஸ் மாறிப் போனார்கள், புருஷனும் பெண்டாட்டியும். வழி நெடுக டேப்பம்மா அக்காவைத் திட்டிக்கொண்டே வந்தாள். ஒரு நாள் பொறுக்க மாட்டாளா, ஒரு வார்த்தை கேட்க மாட்டாளா, எல்லாவற்றுக்கும் தானே முடிவெடுத்துப் பழக்கம். கணவர் ஜன்னலைப் பார்த்துக்கொண்டு கேட்டுக்கொண்டிருந்தார்.

நீளமான கூடம், இரண்டு வரிசைக் கட்டில்கள், துடைத்த தரை. யாரையும் குறை சொல்ல முடியாத மாதிரி சுத்தமாக இருந்தது. அக்கா கோடியில் ஜன்னலோரம் வீல்சேரில் இருந்தாள். தங்கையைப் பார்த்ததும் வாயின் ஒரு பக்கம் சிரித்தது.

"ஏன்க்கா கையெழுத்துப் போட்ட? நான் வருவேன்னு தெரியாதா உனக்கு?"

"பேப்பர்... காட்டினாங்க."

"எந்தப் பேப்பர்?"

"நீ... முப்பத்து மூணு. அந்தப் பொண்ணு... இருபத்தாறு."

வீடு ஏன் தேறவில்லை என்று விளக்குவதற்காக அதிகாரியம்மா படிவத்தையே காட்டியிருக்கிறார். நீல மை ஒன்று, சிவப்பு மை ஒன்று, பக்கத்துப் பக்கத்தில்.

"ஆமாக்கா. தப்பா அளந்துட்டேன். அதான் இப்ப எல்லாத்தையும் சரி பண்ணியாச்சு."

அக்கா தலையை மெதுவாக ஆட்டினாள். "நீ... தப்பா... அளக்க மாட்ட."

டேப்பம்மாவுக்கு முதலில் விளங்கவில்லை. பிறகு விளங்கியபோது கட்டில் விளிம்பில் உட்கார்ந்துவிட்டாள். அவளை வளர்த்த காலத்தில் அக்கா எதற்கும் திட்டினதில்லை, பொய்க்கு மட்டும்தான் மூன்று நாள் பேசமாட்டாள். அந்த இரண்டு எண்களையும் பார்த்து அக்கா அப்படித்தான் கணக்குப் போட்டிருக்கிறாள். வீட்டில் இடமில்லை, வேண்டாம் என்று சொல்ல இவளுக்கு வாய் வரவில்லை, அதனால் ஏழு அங்குலம் பொய் எழுதியிருக்கிறாள் என்று.

"எனக்காக... பொய்... எழுத வேணாம்."

"பொய் இல்லக்கா. சத்தியமா இல்ல. இடுப்பு உயரத்துல அளந்தேன். அந்த மேஜைக்கு நடுவுல வயிறு தள்ளியிருக்கும். சோபா காலு கீழ வந்து வெளிய சுருண்டிருக்கும். அது ஒரு மாதிரி ஸ்டைலு. எதுலயும் நேர்கோடே இருக்காது, மேல ஒரு அளவு, கீழ ஒரு அளவு..."

சொல்லச் சொல்ல அவள் காதுக்கே அது பொய்யாகக் கேட்டது. கணவரும் வாயைத் திறந்தார். "நெசம்தாங்க. நான்தான் எடுக்க விடாம புடிவாதம் புடிச்சேன். எல்லாம் என் தப்பு." மனைவிக்குப் பரிந்துகொண்டு வருகிற நல்ல புருஷன் என்று அக்கா அவரைப் பிரியமாகப் பார்த்தாள். பிறகு இடது கையை நீட்டித் தங்கையின் கையைத் தட்டிக் கொடுத்தாள். உடைத்ததை ஒத்துக்கொள்ளாமல் சாதிக்கிற குழந்தையைப் போகட்டும் என்று விடுகிறபோது தட்டுவார்களே, அந்தத் தட்டு. டேப்பம்மாவுக்கு ஆத்திரம் பொத்துக்கொண்டு வந்தது. இருபத்தெட்டு வருஷத்தில் ஒரே ஒரு தப்பு பண்ணியிருக்கிறாள், அதைத் தப்பு என்று நம்ப இந்த உலகத்தில் அக்கா ஒருத்திதான் மறுக்கிறாள்.

"சரி, நடந்ததை விடு. இப்ப எடம் இருக்கு. அந்தப் பொண்ணே சேரைத் தள்ளிப் பாத்துட்டுப் போச்சு. நாப்பத்தோரு அங்குலம் இருக்கு."

"இப்ப... நாப்பத்தொண்ணா?" அக்கா மறுபடியும் ஒரு பக்கமாகச் சிரித்தாள்.

"சிரிக்காதக்கா. வரியா, வரலையா? அதை மட்டும் சொல்லு."

"வரல" என்றாள் அக்கா. விழுந்த நாளிலிருந்து அவள் திக்காமல் சொன்ன முதல் வார்த்தை அதுதான்.